களப்பதிவு இசையின் வரலாற்றில் ஒலிக்குரியோர்: கெய்ரோ முதல் வான்கூவர் வரை

ஆய்வுச்சுருக்கம்

அன்றாட ஒலிகளைக் களத்தில் பதிவுசெய்து, அப்பதிவுகளையே மூலப்பொருளாகக் கொண்டு இசைப்படைப்பை உருவாக்கும் முறை இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் உருப்பெற்றது. அதன் வரலாறு பெரும்பாலும் 1948ஆம் ஆண்டுப் பாரிஸில் தொடங்குவதாகவும், கருவிகளின் வளர்ச்சியாகவும், படைப்பாளர்களின் கோட்பாட்டுப் பூசல்களாகவும் எழுதப்பட்டு வருகிறது. பதிவான ஒலியை எழுப்பியவர் யார் என்னும் வினாவை முன்வைத்து அவ்வரலாற்றை மீள வாசிக்க இக்கட்டுரை முயல்கிறது. ஹலீம் எல்-தாப், பியேர் ஷெஃபேர், லூக் ஃபெராரி, ஹில்டெகார்ட் வெஸ்டர்காம்ப் ஆகியோரின் படைப்புகள் இதற்குச் சான்றாக எடுத்துக்கொள்ளப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: களப்பதிவு, பருண்மை இசை, மூலம் துறந்த கேட்பு, ஒலிச்சூழல், ஒலிக்குரியோர்

முன்னுரை

1948ஆம் ஆண்டு மே மாதத்தில் பிரெஞ்சு வானொலியின் பொறியாளர் பியேர் ஷெஃபேர் ஒலிப்பதிவுக் கருவிகளுடன் பாரிஸ் நகரின் பத்தீஞோல் தொடர்வண்டி நிலையத்திற்குச் சென்றார். அங்குப் பணிமனையில் ஆறு நீராவி இயந்திரங்கள் நின்றிருந்தன. ஓர் இயந்திரம் ஒலியைத் தொடங்க மற்றவை மறுமொழி கூறுவதுபோல் ஒலிக்குமாறு ஓட்டுநர்களிடம் அவர் கேட்டுக்கொண்டார். அவர்களும் நீராவியைத் திறந்தும் அடைத்தும், ஊதல்களை ஒலித்தும் அவ்வாறே செய்தனர். இச்செய்தி ஷெஃபேரின் நாட்குறிப்பில் உள்ளது. ஒவ்வோர் இயந்திரத்திற்கும் தனிக்குரல் உண்டு என்று அவர் வியக்கிறார். அந்தக் குரலை எழுப்பிய ஓட்டுநர்களின் பெயர்களை அவர் குறிக்கவில்லை.

அன்று பதிவான ஒலித்தட்டுகளிலிருந்து உருவானதே 'இருப்புப்பாதை ஆய்விசை' என்று தமிழில் கூறத்தக்க படைப்பு. மூன்று நிமிட அளவே நீளும் இச்சிறு படைப்பு பருண்மை இசையின் தொடக்கமாக ஏறத்தாழ எல்லா வரலாற்று நூல்களிலும் இடம்பெறுகிறது. ஷெஃபேரின் பெயர் நிலைத்தது. ஓட்டுநர்கள் அன்று ஒருவகையில் இசைக்குழுவினராகவே செயற்பட்டனர். வேண்டுகோளைப் பெற்று, ஒருவர்க்கொருவர் செவிகொடுத்து, முறைவைத்து ஒலித்தனர். ஒரு வயலின் கலைஞர் இதனைச் செய்திருந்தால் அவர் பெயர் ஒலித்தட்டின் உறையில் இடம்பெற்றிருக்கும். இவ்வேறுபாடு எங்ஙனம் தோன்றியது என்பதே இக்கட்டுரையின் வினா.

சொல்லாட்சி பற்றி

ஷெஃபேர் தம் முறைக்கு வழங்கிய பெயர் 'மியூசிக் கான்கிரெட்'. இதனைக் கான்கிரீட் இசை என்று எழுதினால் தமிழ் வாசகருக்குச் சிமெண்டுக் கலவையே நினைவில் எழும். அவர் கருதியது வேறு. தாளில் குறியீடுகளாக எழுதப்பட்டுப் பின்னர் ஒலியாக மாறும் இசை அருவநிலையிலிருந்து உருவநிலைக்கு வருகிறது. தம் இசையோ முன்னரே பருப்பொருளாகக் கையில் உள்ள ஒலியிலிருந்து தொடங்கி அருவ ஒழுங்கை நோக்கிச் செல்கிறது என்பது அவர் விளக்கம். ஆகவே 'பருண்மை இசை' என்னும் தொடர் இங்குக் கையாளப்படுகிறது. ஒலியின் காரணத்தையும் பொருளையும் ஒதுக்கி, ஒலியை ஒலியாக மட்டுமே கேட்கும் செவிநிலையை அவர் பின்னர்க் கோட்பாடாக்கினார். அதனை 'மூலம் துறந்த கேட்பு' என இக்கட்டுரை சுட்டுகிறது.

இவ்விடத்தில் ஒன்றைக் கருதலாம். தொல்காப்பியர் உரியியலில் துவைத்தல், சிலைத்தல், இயம்பல், இரங்கல் என்பவற்றை இசைப்பொருள் உணர்த்தும் சொற்களாகவும், கம்பலை, சும்மை, கலி, அழுங்கல் என்பவற்றை அரவப்பொருள் உணர்த்தும் சொற்களாகவும் தனித்தனியே வகுக்கிறார். அங்கு இசை என்பது பொதுவாக ஓசையையே குறிக்கும். இலக்கிய வழக்கில் கம்பலை பெரும்பாலும் கூடிய மக்களின் ஆரவாரமாகும். சொல்லைக் கூறியவுடன் அதனை எழுப்பிய கூட்டமும் மனத்தில் தோன்றிவிடுகிறது. ஐரோப்பிய இருபதாம் நூற்றாண்டுக் கோட்பாட்டிற்கும் இதற்கும் நேரடித் தொடர்பு எதுவும் இல்லை. அத்தகைய தொடர்பைக் கற்பிப்பதும் இக்கட்டுரையின் நோக்கமன்று. ஆயினும் மூலத்தைத் துறந்து கேட்பது செவியின் இயல்பான நிலையன்று, முயன்று பெறவேண்டிய நிலை என்பதைத் தமிழ்ச் சொற்களின் வழி எளிதில் உணரலாம்.

முன்னோடிகள்

இரைச்சலை இசைக்குள் கொணரும் விழைவு பதிவுமுறைக்கு முற்பட்டது. இத்தாலிய ஓவியர் லூயிஜி ருஸ்ஸோலோ 1913ஆம் ஆண்டு மார்ச்சு 11ஆம் நாளிட்ட 'இரைச்சல்களின் கலை' என்னும் அறிக்கையில் தொழிற்சாலை, ஊர்தி, போர்க்களம் ஆகியவற்றின் ஒலிகளை இசையாக ஏற்க வேண்டும் என்றார். எனினும் அவர் அவ்வொலிகளைப் பதிவுசெய்யவில்லை. அவற்றைப் போன்ற ஒலிகளை எழுப்பும் பெட்டி வடிவக் கருவிகளைச் செய்தார். உருசியாவில் ஜீகா வேர்த்தொவ் திரைப்படத்துறைக்கு வருமுன்பே ஒலிகளைத் தொகுத்து அடுக்கும் சோதனைகளில் ஈடுபட்டுத் தோல்வியுற்றவர். பின்னர் தொன்பாஸ் சுரங்கப் பகுதியில் எடுத்த 'உற்சாகம்' என்னும் படத்தில் தொழிற்சாலை ஒலிகளை நேரடியாகக் களத்திலேயே பதிவுசெய்தார்.

இவர்களுள் நம் பொருளுக்கு மிக நெருங்கியவர் ஜெர்மானியத் திரைப்பட இயக்குநர் வால்டர் ருட்மன். 1930ஆம் ஆண்டு சூன் மாதத்தில் பெர்லின் வானொலி ஒலிபரப்பிய அவரது 'வார இறுதி' பதினொரு நிமிடப் படைப்பு. ஒலியைப் படச்சுருளின் விளிம்பில் ஒளிக்கோடாகப் பதியும் முறையைப் பயன்படுத்தி, காட்சிகளே இல்லாத ஒரு திரைப்படமாக அதனை அவர் ஆக்கினார். தட்டச்சுப்பொறி, இரம்பம், தொலைபேசி, பள்ளிச்சிறார் குரல், தேவாலய மணி ஆகியன சனிக்கிழமைப் பணிமுடிவிலிருந்து திங்கட்கிழமைத் தொடக்கம் வரையிலான நேரத்தைக் காட்டுகின்றன. ஒலிக்குரியோரை மறைக்கும் எண்ணம் இதில் இல்லை. மாறாக அவர்கள் வகைமாதிரிகளாக ஆக்கப்பட்டுள்ளனர்: பணியாளர், சிறுவர், பயணி. நகரமே இங்குத் தலைமைப் பாத்திரம்.

கெய்ரோ, 1944

ஷெஃபேர் பத்தீஞோல் நிலையத்திற்குச் செல்வதற்கு நான்கு ஆண்டுகளுக்கு முன்பு, கெய்ரோவில் வேளாண் பொறியியல் பயின்றுகொண்டிருந்த ஹலீம் எல்-தாப் (1921–2017) உள்ளூர் வானொலி நிலையத்திலிருந்து ஒரு கம்பிப்பதிவுக் கருவியைக் கடனாகப் பெற்றார். மெல்லிய எஃகுக் கம்பியில் காந்தப்புலமாக ஒலியைப் பதியும் இக்கருவி நாடாப்பதிவுக்கு முந்தையது, எடை மிகுந்தது, ஆயினும் ஒலிப்பதிவுக்கூடத்திற்கு வெளியே எடுத்துச் செல்லத்தக்கது. அதனைக்கொண்டு அவர் பதிவுசெய்தது 'ஸார்' என்னும் சடங்கு. எகிப்திலும் சூடானிலும் எத்தியோப்பியாவிலும் வழங்கும் இச்சடங்கு, உடலில் குடிகொண்டதாக நம்பப்படும் ஆவியை இசையாலும் ஆட்டத்தாலும் அமைதிப்படுத்தி நோய் தணிப்பது. எகிப்தில் இது பெரிதும் பெண்களுக்குரியது. சமயத் தலைவர்களால் பலமுறை கண்டிக்கப்பட்டது. ஆடவர்க்கு அங்கு எளிதில் இடமில்லை ஆகையால், தாமும் ஒரு நண்பரும் முக்காடிட்டு உள்ளே நுழைந்ததாக எல்-தாப் பிற்காலத்தில் கூறியுள்ளார்.

பதிவை அவர் வானொலி நிலையத்திற்குக் கொண்டுவந்தார். அங்கிருந்த எதிரொலி அறை, நகர்த்தத்தக்க சுவர்களைக் கொண்ட மறுபதிவு அறை, மின்னழுத்தக் கட்டுப்பாடுகள் ஆகியவற்றைப் பயன்படுத்திப் பெண்களின் குரலை உருமாற்றினார். அடிப்படைச் சுரங்களை வடித்தெடுத்துவிட்டு, அவற்றின் மேலெழும் துணையொலிகளை மட்டும் நிறுத்தினார். சொற்கள் கரைந்தன. எஞ்சியது அலையலையாக எழுந்து தாழும் ஒரு முணுமுணுப்பு. 'ஸாரின் வெளிப்பாடு' என்னும் பெயரில் அவ்வாண்டே கெய்ரோவில் ஒரு கலைக்காட்சியில் இது ஒலிக்கப்பட்டது. இதன் இரண்டு நிமிடப் பகுதி 'கம்பிப்பதிவுப் படைப்பு' என்ற பெயரில் 2000ஆம் ஆண்டில் குறுந்தகட்டில் வெளிவந்த பின்னரே உலக ஆய்வாளர் பலர் இதனைக் கேட்க நேர்ந்தது.

அதன்பின் எழுந்த விவாதம் முன்பின் பற்றியது. முதலில் செய்தவர் எகிப்தியரா, பிரெஞ்சுக்காரரா? ஐரோப்பாவை நடுவாகக் கொண்ட வரலாற்றைத் திருத்துவதற்கு இவ்வினா தேவைப்பட்டது என்பதில் ஐயமில்லை. ஆனால் முதன்மை ஒருவரிடமிருந்து மற்றொருவருக்கு மாறியதே அன்றி, வரலாற்றின் வடிவம் மாறவில்லை. அப்பொழுதும் கதைத்தலைவர் கருவியைக் கையில் வைத்திருப்பவரே. ஸார் சடங்கில் பாடிய பெண்கள் முறையான பயிற்சியுடைய இசைக்கலைஞர்கள். எந்த ஆவிக்கு எந்தத் தாளம், எந்தப் பாட்டு என்பது அவர்களின் துறையறிவு. அவர்கள் பாடியது நோயுற்ற ஒருத்தியை முன்னிட்டு. ஷெஃபேருக்கு நேர்மாறாக, இங்குப் பதிவுக்கு முன்பே இசை முழுமையாக இருந்தது. அதனை 'மூலப்பொருள்' என்று வழங்குவது எந்த அளவிற்குப் பொருந்தும்? எல்-தாப் பின்னாளில் ஆப்பிரிக்க இசைமரபுகளை ஊர் ஊராகச் சென்று ஆழ்ந்து பயின்றவர், அம்மரபுகளை மதித்தவர் என்பதையும் கருத வேண்டும். ஆயினும் அந்த இரண்டு நிமிடத்தில் பெண்களின் சொல் கரைந்திருப்பதையும், அவர்கள் அறியாமல் பதிவு நடந்திருப்பதையும் ஒருசேரக் கேட்கும்பொழுது, உருமாற்றம் என்பது அழகியல் முடிவு மட்டுமன்று எனத் தோன்றுகிறது. அடையாளம் தெரியாதவாறு மாற்றப்பட்ட குரலுக்கு எவரும் உரிமை கோர இயலாது.

பாரிஸ், 1948: ஒலித்தட்டின் கீறல்

ஷெஃபேரிடம் நாடாப்பதிவுக் கருவி இல்லை. 1951ஆம் ஆண்டளவில்தான் அது அவரது கூடத்திற்கு வந்தது. அதுவரை அவர் பயன்படுத்தியவை நேரடியாக வெட்டப்படும் ஒலித்தட்டுகள். நாடாவைப்போல் இவற்றை வெட்டி ஒட்ட முடியாது. வேகத்தைக் கூட்டலாம், குறைக்கலாம், பின்னோக்கிச் சுழற்றலாம், பல தட்டுகளை ஒருங்கே ஓட்டி மற்றொரு தட்டில் கலக்கலாம். இவ்வரம்புக்குள்ளிருந்தே அவரது இரண்டு கண்டுபிடிப்புகள் தோன்றின.

ஒன்று, மூடிய வரித்தடம். ஒலித்தட்டின் வரித்தடம் வெளிவிளிம்பிலிருந்து உள்நோக்கிச் சுருளாகச் செல்வது இயல்பு. அது தன்னிலேயே முடிந்து வட்டமாகிவிட்டால் ஊசி அதே இடத்தில் சுழன்றுகொண்டிருக்கும். கீறல் விழுந்த தட்டைக் கேட்டோர் இதனை அறிவர். நிமிடத்திற்கு 78 சுற்று என்னும் வேகத்தில் ஒரு சுற்று ஏறத்தாழ 0.77 நொடி. முக்கால் நொடி நீளமுள்ள ஓர் ஒலித்துண்டு இடைவிடாது மீண்டும் மீண்டும் ஒலிக்கும்பொழுது முதல் சில சுற்றுகளில் அது இயந்திரம்; பத்தாவது சுற்றில் அது தாளம். நிகழ்ச்சி தன் முன்னையும் பின்னையும் இழந்துவிடுகிறது. மற்றொன்று, வெட்டிய மணி. மணியோசையின் தொடக்கத் தாக்கை நீக்கிவிட்டு எஞ்சியதை மட்டும் ஒலித்தால் அது காற்றுக்கருவியின் ஓசைபோல் கேட்கிறது. ஒரு பொருளின் ஒலியை அப்பொருளிலிருந்து பிரித்துவிட முடியும் என்பதை இவ்விரண்டும் ஷெஃபேருக்கு உணர்த்தின.

எனவே மூலம் துறந்த கேட்பு என்னும் கோட்பாடு முதலில் மெய்யியலிலிருந்து வந்ததன்று. பழுதான ஒலித்தட்டிலிருந்து வந்தது. 1966ஆம் ஆண்டில் வெளிவந்த 'இசைப்பொருள்கள் பற்றிய ஆய்வுநூல்' அதற்கு நிகழ்வியல் அடித்தளம் அமைத்தது பிற்காலச் செயல். திரைக்குப் பின்னிருந்து பேசிய பித்தாகரஸின் உரையை மாணவர் கேட்ட கதையை அந்நூல் சான்றாக்குகிறது. திரை பேசுவோரின் உருவத்தை மறைத்தது. பேசுபவர் பித்தாகரஸ் என்பதை எந்த மாணவரும் மறக்கவில்லை. இவ்வுவமையின் இப்பகுதி கோட்பாட்டாளர்களால் போதிய அளவு கருதப்படவில்லை என்பது இக்கட்டுரையாளரின் எண்ணம்.

இருப்புப்பாதை ஆய்விசை ஷெஃபேருக்கு நிறைவளிக்கவில்லை. அதனுள் 'நாடகத் தொடர்', 'இசைத் தொடர்' என இருவகை இருப்பதை அவரே கண்டார். ஊதல், புறப்பாடு, வேகம் கொள்ளல் என வரிசையாகக் கேட்டால் அது ஒரு பயணக்கதை. அதனை இசையாக்க வேண்டுமானால் தொடர்வண்டி மறக்கப்பட வேண்டும். ஆனால் எழுபத்தைந்து ஆண்டுகளுக்குப் பின்னும் கேட்போர் அனைவருக்கும் முதலில் கேட்பது தொடர்வண்டியே. படைப்பின் புகழ் அதனை ஆக்கியவர் குறையெனக் கருதிய பண்பினால் நிலைத்திருக்கிறது.

1948 அக்டோபர் 5ஆம் நாள் 'இரைச்சல் கச்சேரி' என்னும் பெயரில் ஒலிபரப்பான ஐந்து ஆய்விசைகளுள் மற்றொன்று நம் வினாவுக்கு மேலும் தெளிவான சான்று. 'உணர்ச்சி ஆய்விசை' எனத்தக்க அப்படைப்புக்கு ஷெஃபேர் வெளியே சென்று பதிவு செய்யவில்லை. கூடத்தில் கழித்துப் போடப்பட்ட தட்டுகளை எடுத்தார். அவற்றுள் ஒன்று நடிகரும் நாடகாசிரியருமான சாஷா கித்ரியின் குரல். உடனிருந்த பெண் பணியாளர் ஒருவர் இருமிவிட்டதால் பயனற்றதென ஒதுக்கப்பட்ட தட்டு அது. ஷெஃபேர் குரலையும் இருமலையும் சேர்த்தே எடுத்துக்கொண்டார். உருளும் சட்டிகளின் ஓசையோடு இவை கலந்து வருகின்றன. கித்ரியின் பெயர் எல்லாக் குறிப்புகளிலும் உள்ளது. இருமியவர் தம் தொழிற்பெயரால் மட்டுமே சுட்டப்படுகிறார். மூலத்தைத் துறக்க வேண்டும் என்னும் கொள்கை எல்லா மூலங்களுக்கும் ஒருபடித்தாகச் செயற்படவில்லை. புகழுடையோர் மூலமாகவே நின்றனர், பிறர் ஒலியாயினர்.

வேலா லூக்கா, 1968

லூக் ஃபெராரி (1929–2005) ஷெஃபேருடன் இணைந்து 1958ஆம் ஆண்டில் பிரெஞ்சு வானொலியின் இசையாய்வுக் குழுவை நிறுவியவர்களுள் ஒருவர். 1963–64இல் அவர் இயற்றிய 'ஹெத்தேரோசிகோத்' ஷெஃபேருக்கு உவக்கவில்லை. கடற்கரைப் பேச்சு, நடைபாதை ஒலிகள் முதலியவற்றை அவர் அடையாளம் தெரியுமாறே விட்டிருந்தார். இதற்குச் 'சிறுநிகழ்ச்சி இசை' என்று பெயரிட்டார். கோட்பாட்டாளர் இழிவெனக் கருதிய சொல்லையே கொடியாக ஏற்றிய செயல் இது. சில ஆண்டுகளில் அவர் குழுவைவிட்டு வெளியேறினார்.

அப்பொழுது யுகோஸ்லாவியாவிலும் இன்று குரோவாசியாவிலும் உள்ள கோர்ச்சுலா தீவின் வேலா லூக்கா என்னும் மீனவ ஊரில் அவர் தங்கினார். வைகறைக்கு முன் அவ்வூரில் நிலவிய அமைதி அவரை ஈர்த்தது. சன்னலோரம் ஒலிவாங்கியை வைத்து, நாள்தோறும் அதிகாலை மூன்று மணி முதல் ஆறு மணி வரையிலான பொழுதைப் பதிவு செய்யத் தொடங்கினார். பல நாள் கேட்டபொழுது சில ஒலிகள் அதே நேரத்தில் மீண்டும் வருவதை உணர்ந்தார்: மிதிவண்டியில் செல்லும் முதல் மீனவர், முதல் கோழி, முதல் கழுதை, துறைமுகத்திற்குப் புறப்படும் சரக்குந்து. நாள்தோறும் திரும்பும் இவ்வொலிகளைத் தேர்ந்து, பல வைகறைகளை ஒரு வைகறையாக்கி, ஏறத்தாழ 21 நிமிடத்தில் அமைத்தார். 'ஏறக்குறைய ஒன்றுமில்லை, முதல் எண்: கடலோர வைகறை' என்னும் பொருள்படும் இப்படைப்பு 1970இல் நிறைவுற்று, மேலையிசையின் உயர்ந்த நிறுவனமெனக் கருதப்படும் டாய்ச்சு கிராமஃபோன் வழியே இசைத்தட்டாக வெளிவந்தது.

படைப்பில் உருமாற்றம் ஏதும் இல்லை. படகின் இயந்திரம் இருமித் தொடங்குகிறது, தொலைவில் ஒருவர் மற்றொருவரை அழைக்கிறார், கழுதை கத்துகிறது, பெண்களின் பாட்டு அணுகி வருகிறது, சிள்வண்டுகள் மெல்லத் தொடங்கி முடிவில் அனைத்தையும் மூடிவிடுகின்றன. வெட்டிய இடங்கள் கேட்பதில்லை. முதன்முறை கேட்போர் இது ஒரே காலையில் தொடர்ச்சியாக எடுத்த பதிவு என்றே கருதுவர். இக்கட்டுரையாளரும் அவ்வாறே கருதி, கால அளவைக் கணக்கிட்ட பின்னரே பிழையை உணர நேர்ந்தது. மூன்று மணி நேரம் எங்ஙனம் இருபத்தொரு நிமிடமாகும்? ஷெஃபேர் ஒலியின் மூலத்தை மறைத்தார். ஃபெராரி தம் கையை மறைத்தார்.

இசையாய்வுக் குழுவைச் சேர்ந்த நண்பர்களுக்கு இதனை ஒலித்துக் காட்டியபொழுது அவர்கள் முகம் இறுகிப்போயிற்று என்று ஃபெராரி நினைவுகூர்ந்துள்ளார். இதில் இசை எங்கே என்பது அவர்தம் கேள்வி. அக்கேள்விக்குப் பின்னாளைய திறனாய்வு பல விடைகளை அளித்துவிட்டது. கேட்கப்படாத கேள்வி வேறு. மீனவர் நாள்தோறும் அதே நேரத்தில் சென்றது அவரது பிழைப்பின் ஒழுங்கு. படகோட்டியும் சரக்குந்து ஓட்டுநரும் அவ்வாறே. இப்படைப்பின் தாளக்கட்டு என்று எதனைச் சொல்லலாமோ அதனை அமைத்தது ஓர் ஊரின் உழைப்புநேரம். ஃபெராரியின் நுண்மை அதனைக் கண்டுகொண்டதில் உள்ளது. அதற்காகவே அவரை ஷெஃபேரினும் உயர்வாக இக்கட்டுரை மதிக்கிறது. மனிதர் இங்குத் தம் குரலோடும் சொல்லோடும் திரும்பி வந்துள்ளனர். பெயரோடு அல்லர். சன்னலில் இருந்த ஒலிவாங்கியை அவர்கள் அறிந்திருக்க வாய்ப்பும் குறைவு.

பெயர் அறியப்பட்ட ஒரு குரல்

ஒலிக்குரியவர் பெயர் எப்பொழுது நிலைக்கிறது என்பதற்கு அமெரிக்கப் படைப்பாளர் ஸ்டீவ் ரைக்கின் இரு நாடாப் படைப்புகளை ஒப்பிடலாம். 1965இன் 'இட்ஸ் கொன்னா ரெயின்' சான்பிரான்சிஸ்கோவின் யூனியன் சதுக்கத்தில் ஊழிவெள்ளம் பற்றி முழங்கிய கறுப்பினச் சமயப் பேச்சாளர் ஒருவரின் பதிவிலிருந்து உருவானது. அவர் 'சகோதரர் வால்டர்' என்று மட்டுமே அறியப்படுகிறார். அடுத்த ஆண்டின் 'கம் அவுட்' படைப்பில் ஒலிக்கும் குரல் டேனியல் ஹாம் என்னும் இளைஞருடையது. கொலை வழக்கில் சிக்கவைக்கப்பட்ட 'ஹார்லெம் அறுவர்' என்போருள் ஒருவர் அவர். காவலர் தாக்கியதில் ஏற்பட்ட காயத்தை, மருத்துவமனைக்கு அழைத்துச்செல்லப்பட வேண்டித் தாமே கீறிக் குருதியைக் காட்ட நேர்ந்ததைக் கூறுகிறார். மறுவிசாரணைக்கு நிதி திரட்டும் நிகழ்ச்சிக்காகவே படைப்பு உருவானது. ஆகவே பெயர் தேவைப்பட்டது. ஆயினும் நாடாக்கள் ஒன்றோடொன்று விலகி, குரல் இரண்டாய், நான்காய், எட்டாய்ப் பிரிந்து, இறுதியில் எச்சொல்லும் புலப்படாத அதிர்வாகிறது. வழக்கு ஹாமின் பெயரைக் காத்தது. இசை அவர் சொல்லைக் கரைத்தது.

வான்கூவர்: ஒலிச்சூழலும் நிலமும்

1960களின் இறுதியில் கனடாவின் சைமன் ஃபிரேசர் பல்கலைக்கழகத்தில் மர்ரி ஷேஃபர் 'உலக ஒலிச்சூழல் திட்டம்' என்னும் ஆய்வுக்குழுவைத் தொடங்கினார். (பாரிஸின் ஷெஃபேரும் இவரும் வேறானவர்கள், பெயரொற்றுமையால் மயக்கம் நேர்வதுண்டு.) 1973இல் 'வான்கூவர் ஒலிச்சூழல்' என்னும் பதிவுத்தொகுப்பும், 1977இல் 'உலகின் சுருதிகூட்டல்' என்னும் நூலும் வெளிவந்தன. ஓர் இடத்தின் அடிநாத ஒலி, அறிவிப்பு ஒலி, அவ்விடத்திற்கே உரிய அடையாள ஒலி எனப் பகுத்தாயும் முறை இங்கிருந்தே பரவியது. ஒலி அது பிறந்த இடத்தினின்று பிரிக்கப்படுவதை ஷேஃபர் ஒரு நோயாகவே கண்டு, மனப்பிளவு நோயின் பெயரையொட்டி அதற்குப் பெயரிட்டார். பாரிஸ் மரபுக்கு இதனினும் நேரெதிரான நிலைப்பாடு இருத்தல் அரிது.

இக்குழுவில் பணியாற்றிய ஹில்டெகார்ட் வெஸ்டர்காம்பின் 'கிட்ஸ் கடற்கரை ஒலிநடை' (1989) இவ்வரலாற்றில் தனியிடம் பெறத்தக்கது. சனவரிக் காலையொன்றில் வான்கூவர் கடற்கரையில் நிற்கும் அவர், பாறையில் ஒட்டிய சிப்பியுயிர்களின் நுண்ணிய கிளுக்கொலிகளைப் பதிவுசெய்கிறார். நகரின் இரைச்சல் அவற்றை மூழ்கடிக்கிறது. அப்பொழுது அவர் குரல் படைப்பினுள்ளேயே பேசுகிறது: இப்பொழுது நகரத்தின் ஒலியைக் குறைக்கிறேன், வடிகட்டுகிறேன் என்று கேட்போருக்கு அறிவிக்கிறது. அறிவித்தவாறே நகரம் மறைகிறது. கருவியால் உண்மையைத் திரித்துக் காட்ட முடியும் என்பதை அவர் மறைக்கவில்லை. ஃபெராரி மறைத்த கை இங்கு வெளிப்பட்டுவிட்டது. நான்கு படைப்பாளர்களுள் தம்மைக் கேட்போர்முன் நிறுத்திக்கொண்டவர் இவர் ஒருவரே.

ஆனால் நிலத்தின் வரலாறு வேறொன்றையும் கூறுகிறது. கிட்சிலானோ என்னும் அவ்விடப்பெயர் ஸ்குவாமிஷ் பழங்குடித் தலைவர் ஒருவரின் பெயரிலிருந்து வந்தது. அக்கடற்கரையை அடுத்து அம்மக்களின் செனாக் என்னும் ஊர் இருந்தது. 1913ஆம் ஆண்டில் மாகாண அரசு அவர்களை அங்கிருந்து வெளியேற்றியது. படைப்பில் நகரம் நீங்கினால் எஞ்சுவது சிப்பியும் அலையும் மட்டுமே, தூய இயற்கை. நகரத்திற்கு முன் அங்கு மனிதர் இருந்தனர், அவர்களுக்குரிய ஒலிகளும் இருந்தன என்னும் நினைவுக்கு அதில் இடமில்லை. இது ஒரு தனிப்படைப்பின் குறை மட்டுமன்று. ஒலிச்சூழல் ஆய்வின் தூய்மை வேட்கையையும், பழங்குடியினரின் பாடலை அது அணுகிய விதத்தையும் டிலன் ராபின்சன் தம் 'பசித்த கேட்பு' (2020) என்னும் நூலில் விரிவாகக் கேள்விக்குள்ளாக்கியுள்ளார்.

வெஸ்டர்காம்ப் 1992இல் ஒலிச்சூழல் பயிலரங்கு நடத்தத் தில்லிக்கு வந்தார். அங்குப் பதிவுசெய்த ஒலிகளிலிருந்து 1997இல் ஒரு படைப்பை ஆக்கினார். வேற்றிடத்தின் ஒலிப்பரப்புக்குள் மெல்ல ஊடுருவிச் செல்லுதல் என்பது அதன் தலைப்பின் பொருள். ஊர்திகளின் ஒலியும், உலோகம் தட்டும் ஒலியும், தெருவில் கூவி விற்போரின் குரலும் அதில் விரவி வருகின்றன. தாம் அந்நிலத்திற்குப் புதியவர் என்பதைத் தலைப்பிலேயே அவர் ஒப்புக்கொள்கிறார். மொழி அறியாத செவிக்கு விற்பவரின் கூவல் நீண்டு வளைந்து முடியும் ஒரு பண். இந்தி அறிந்தவருக்கோ அதே கூவல் இன்ன பொருள், வாங்க வாருங்கள் என்னும் செய்தி. அவர் விரும்பினாலும் அச்செய்தியைத் துறந்து கேட்க இயலாது. ஊசி எத்தனை முறை அதே வரித்தடத்தில் சுழன்றாலும், சொல் தேயும் வரையில், தெருவில் ஒருவர் தம் சரக்கை விற்றுக்கொண்டே இருக்கிறார்.